டேங்கர் லாரியின் நம்பர்

ஜெசிந்தாவுக்கு ஒரு விஷயம் தெரியவில்லை என்றால் அன்றைக்குச் சோறு இறங்காது. பஸ்ஸில் பக்கத்தில் உட்கார்ந்திருப்பவளின் மடியில் இருக்கும் பைக்குள் என்ன என்பதிலிருந்து, எதிர்வீட்டுக் கோதண்டபாணி திடீரென்று மீசையை எடுத்ததற்கு என்ன காரணம் என்பது வரைக்கும் கேட்டுத் தெரிந்துகொண்டால்தான் அவளுக்கு நிம்மதி. அதையும் மெதுவாகக் கேட்கத் தெரியாது. திண்டிவனத்துக்குப் பக்கத்தில் ஒரு மல்லாட்டை மில்லில், அதாவது வேர்க்கடலை உடைக்கிற மில்லில், பதினோரு வருஷமாக வேலை. தோல் உடைக்கிற மிஷின் போடுகிற இரைச்சலில், நாலடி தள்ளி நிற்கிறவளைக் கூப்பிடவே அடிவயிற்றிலிருந்து கத்தவேண்டும். அந்தக் குரல் வீட்டுக்கு வந்தாலும் இறங்குவதில்லை. ஜெசிந்தா ரகசியம் சொன்னால் கூட்டேரிப்பட்டு கூட்டுரோட்டில் நிற்கிற பஸ் கண்டக்டருக்குக் கேட்கும் என்று தெருவில் கேலி பேசுவார்கள். அவளும் சேர்ந்து சிரிப்பாள். உள்ளுக்குள் கொஞ்சம் பெருமைகூட உண்டு.

ஊரில் உள்ளவர்களின் சங்கதியெல்லாம் விரல் நுனியில் வைத்திருந்தவளுக்கு, பெற்ற மகளைப் பற்றித்தான் ஒன்றும் பிடிபடவில்லை.

அமலாவுக்கு எட்டு வயது. ஜூன் மாதம் திண்டிவனத்தில் ஒரு பெரிய பள்ளிக்கூடத்தில் மூன்றாம் வகுப்பில் சேர்த்தார்கள். படிப்பில் ஒரு குறையும் இல்லை. ஆனால் யாராவது குரலை உயர்த்தினால் போதும், கை ஜில்லிட்டுப் போகும், உதடு ஒட்டிக்கொள்ளும், அடுத்த நிமிஷம் எழுந்து ஓடிவிடுவாள். திட்டு அவளுக்கு விழவேண்டும் என்றுகூட இல்லை, பக்கத்து பெஞ்சுக்கு விழுந்தாலும் ஓட்டம்தான். ஆகஸ்டில் வகுப்பிலிருந்து ஓடித் தண்ணீர்த் தொட்டிக்குப் பின்னால் ஒளிந்துகொண்டாள். செப்டம்பரில் கேட்டைத் தாண்டி ரோட்டுக்கே வந்துவிட்டாள். பூக்காரி சின்னப்பொண்ணு அவள் கையைப் பிடித்து நிறுத்தியிராவிட்டால் என்ன ஆகியிருக்குமோ.

ஹெட்மிஸ்ட்ரஸ் காந்திமதி டீச்சர் ஜெசிந்தாவை வரவழைத்து, உட்காரவைத்து, நிதானமாகச் சொல்லிவிட்டார். வாசலில் லாரியும் பஸ்ஸும் ஓயாமல் போகிற ரோடு. பிள்ளைக்கு ஒன்று ஆகிவிட்டால் யார் பதில் சொல்வது? இன்னொரு தடவை ஓடினால் டி.சி. வாங்கிக்கொள்ளுங்கள்.

அந்தப் பள்ளிக்கூடத்தில் இடம் கிடைக்க ஜெசிந்தா மூன்று வருஷம் அலைந்திருந்தாள். அவள் அம்மாவும் அப்பாவும் அடுத்தவர் நிலத்தில் மல்லாட்டை பிடுங்கியவர்கள். அவள் மில்லில் உடைக்கிறாள். மகளாவது மல்லாட்டையைத் தின்ன மட்டும் செய்யட்டும் என்பது அவள் கணக்கு. அதனால் டி.சி. என்ற சொல்லைக் கேட்டதும் மகளைக் கையோடு கூட்டிக்கொண்டு புறப்பட்டாள். வீட்டுக்கு வந்து மகளை எதிரில் நிறுத்தி, எதுக்குப் பயம், யாரைப் பார்த்துப் பயம், எப்போதிலிருந்து பயம் என்று கேட்டாள். தனக்குத் தெரிந்த ஒரே குரலில்தான் கேட்டாள். அமலா தரையைப் பார்த்துக்கொண்டு நின்றாள். கோயிலில் மந்திரித்த எண்ணெய் தடவியாயிற்று, பக்கத்துவீட்டு வெள்ளையம்மாள் சொன்னபடி மிளகாய் சுற்றிப் போட்டும் ஆயிற்று. மிளகாய் நெடியில் வீட்டிலிருந்த எல்லோரும் இருமியதுதான் மிச்சம்.

அக்டோபர் நடுவில் ஒருநாள் மில்லில் மிஷின் பெல்ட் அறுந்துபோனது. ஆறு மணிக்கு வரவேண்டியவள் ஐந்து மணிக்கே தெருமுனையில் இறங்கினாள். வீட்டை நெருங்கும்போது பின்பக்கத்திலிருந்து புருஷன் கத்துகிற சத்தம் கேட்டது. ஜெசிந்தா அப்படியே நின்றுவிட்டாள். ஏனென்றால் ஆரோக்கியராஜ் கத்தி அவள் கேட்டதே இல்லை. விக்கிரவாண்டி டோல்கேட்டில் கேபினில் உட்கார்ந்து வேலை பார்க்கிற மனுஷன். காலை ஷிப்ட் முடிந்து வந்தால் பேச்சுக்கே கூலி கேட்பான்.

"எம்மா நேரம் நிக்கிறது? காது இன்னா கேக்கலியா? ஒரு வாட்டி சொன்னா ஒறைக்காதா? மண்ணு மாதிரி நிக்கிற பாரு."

ஜெசிந்தாவுக்கு ரத்தம் கொதித்தது. ஏற்கெனவே பயந்து சாகிற பிள்ளையை இப்படியா திட்டுவது? ஒரு பக்கம் கோபம், இன்னொரு பக்கம், இந்த வார்த்தைகளை எங்கேயோ கேட்டிருக்கிறோமே என்று ஒரு உறுத்தல். பாய்ந்து போகத்தான் நினைத்தாள். ஆனால் கூடப்பிறந்த குணம் எங்கே போகும்? முதலில் என்னவென்று பார்த்துவிடலாம் என்று குளியலறைத் தட்டி மறைவில் நின்று எட்டிப் பார்த்தாள்.

கறிவேப்பிலை மரத்துக்கும் துவைக்கிற கல்லுக்கும் நடுவே ஒரு நீல பைப் குறுக்காகக் கிடந்தது. அதற்கு அந்தப்பக்கம் பிளாஸ்டிக் ஸ்டூலில் அமலா உட்கார்ந்திருந்தாள். இந்தப்பக்கம் ஆரோக்கியராஜ், சோற்றுப்பானை மூடியை ஸ்டியரிங் போலப் பிடித்துக்கொண்டு நின்றான். அவன் பனியனில் ஒரு அட்டை குத்தியிருந்தது, அதில் நாலு எண்கள். அவன் கத்தக் கத்த அமலா அந்த அட்டையையே பார்த்துக்கொண்டு ஒவ்வொரு எண்ணாக முணுமுணுத்தாள். மூன்றாவது எண்ணில் உதடு நடுங்கியது. சட்டென்று பக்கத்திலிருந்த சிவப்பு பக்கெட்டைத் தூக்கிப் பைப்புக்கு முன்னால் வைத்தாள்.

"லேன் குளோஸ்" என்றாள், பாதிக் குரலில்.

ஆரோக்கியராஜ் அந்த வினாடியே வாயை மூடிக்கொண்டான். "சரிங்க மேடம், பக்கத்து லேன்ல போறேன்" என்று சொல்லிவிட்டு, பானைமூடியைத் திருப்பித் திருப்பிக் கறிவேப்பிலை மரத்தைச் சுற்றிக்கொண்டு போனான். போகிற வழியில் வாயாலேயே ஏர் ஹாரன் அடித்தான். அமலா சிரித்தாள். ஜெசிந்தா அந்தச் சிரிப்பைக் கேட்டு எத்தனை மாதம் ஆகியிருந்தது. அவள் வந்த சுவடு தெரியாமல் தெருமுனைக்குத் திரும்பிப் போய், ஒரு டீயை வாங்கி வைத்துக்கொண்டு ஆறு மணி வரை நின்றாள்.

சாப்பிட்டதும் ஆரோக்கியராஜைப் பிடித்துக்கொண்டாள். அவன் வழக்கத்தைவிட ஜாஸ்தியே பேசினான். அமலாதான் ஒருநாள் அவனைக் கேட்டாளாம், அப்பா உங்களை யாராவது திட்டுவார்களா என்று. ஒரு நாளைக்கு நூறு பேராவது திட்டுவார்கள் என்று அவன் சொல்ல, பிள்ளை வாயைப் பிளந்துவிட்டதாம். அப்புறம் ஏன் நீங்கள் ஓடுவதில்லை என்று கேட்டதாம்.

"மொத மாசம் நானும் ஓடிடலாம்னுதான் பார்த்தேன் ஜெசி. ஃபாஸ்டேக் ஸ்கேன் ஆவலன்னா வண்டி நம்பர நாமதான் கையால அடிக்கணும். டிரைவரு கத்திக்கினு இருப்பான், நான் நம்பர பார்த்து அடிச்சிக்கினு இருப்பேன். நம்பர் முடியறதுக்குள்ள பாதி சூடு எறங்கிடும். அவனுக்கு இல்ல, எனக்கு. அதத்தான் வெளையாட்டா வெச்சிக்கினோம்."

நம்பர் முழுக்கப் படிக்கும்வரை பதில் பேசக்கூடாது, அதுதான் முதல் சட்டம். தாங்கவில்லை என்றால் பக்கெட்டை வைத்து லேனை மூடிவிடலாம், அதற்கு யாரும் கேலி செய்யக்கூடாது. இது அமலா போட்ட சட்டமாம். டோல்கேட்டில் அப்படி மூடினால் சூப்பர்வைசர் தோலை உரித்துவிடுவார் என்று சொல்லி ஆரோக்கியராஜ் சிரித்தான். இங்கே அமலாதான் சூப்பர்வைசர்.

அவன் ஒரு பழைய நோட்டையும் எடுத்துக் காட்டினான். வந்து போகிற வண்டிகளின் கணக்கு அது, பக்கத்துக்கு ஒரு வண்டி. மேலே படம், கீழே நம்பர், அதற்குக் கீழே ஒவ்வொரு நாளுக்கும் ஒரு பொட்டு. லேன் மூடிய நாளுக்குச் சிவப்பு, வண்டியை அனுப்பிவிட்ட நாளுக்குப் பச்சை. படத்தைப் பார்த்ததும் ஜெசிந்தாவுக்குப் புரிந்துவிட்டது, இவை வண்டிகள் இல்லை, ஆட்கள். மினி பஸ்ஸின் கழுத்தில் விசில் தொங்கியது; அது பி.டி. சார் பிரான்சிஸ். வெற்றிலை போட்ட வாயோடு ஒரு ஷேர் ஆட்டோ, பக்கத்துவீட்டு வெள்ளையம்மாளைத் தவிர வேறு யார்? இந்த இரண்டு பக்கங்களிலும் சிவப்பில் தொடங்கி, போகப் போகப் பச்சை வந்திருந்தது.

கடைசியில் ஒரு டேங்கர் லாரி. இரண்டு பக்கத்தையும் அடைத்துக்கொண்டு நின்றது. மூக்கும் வாயும் வரையவில்லை, விசில் கிசில் எதுவும் இல்லை. வெறும் நம்பர், 7143. கீழே முதல் நாளிலிருந்து இன்றுவரைக்கும் சிவப்பு, சிவப்பு, சிவப்பு.

அது யார் என்று கேட்டாள். தெரியவில்லை என்றான் ஆரோக்கியராஜ். அவன் பொய் சொன்னால் காதைச் சொறிவான், அப்போதும் சொறிந்தான். ஜெசிந்தா குடைந்தெடுத்தாள். எந்த வண்டியாக இருந்தாலும் ஒருநாள் கேட்டுக்கு வந்துதானே ஆகவேண்டும் என்று மட்டும் சொல்லிவிட்டுத் திரும்பிப் படுத்துக்கொண்டான்.

அதன்பிறகு அவளுக்கு இதே நினைப்பு. மகளை இந்தப் பாடு படுத்துகிற பாவி யாரென்று தெரிந்தால் தொலைத்துவிடுவாள். மில்லில் மல்லாட்டையை முறத்தில் போட்டுப் புடைத்துக்கொண்டே யோசித்தாள். ஹெட்மிஸ்ட்ரஸாக இருக்குமோ? அவர் கத்துகிற ரகம் இல்லை. கணக்கு டீச்சரா? வேன் டிரைவரா? 7143 என்ற எண்ணை வேறு எங்கோ பார்த்த ஞாபகம். ரோட்டில் போகிற டேங்கர் லாரிகளின் நம்பரையெல்லாம் பஸ் ஜன்னலிலிருந்து எட்டி எட்டிப் பார்த்தாள். ஒருநாள் மாலை, தானும் ஆட்டத்தில் சேர்ந்தால் தெரிந்துவிடும் என்று தோன்ற, பானைமூடியை எடுத்துக்கொண்டு பின்பக்கம் போனாள்.

"அம்மா வண்டி ஓட்டிக்கினு வர்றேன் அமலா, தொறந்து வுடு" என்றாள், உற்சாகமாக, சத்தமாக.

அமலா பக்கெட்டை நகர்த்திப் பைப்புக்கு முன்னால் வைத்தாள். அவள் லேன் குளோஸ் என்றுகூடச் சொல்லவில்லை. நீங்க வேணாம்மா என்று சொல்லிவிட்டு உள்ளே போய்விட்டாள். ஜெசிந்தாவின் முகம் சுண்டிப்போயிற்று. அப்பனும் மகளும் ஒரு கட்சி, நான் மட்டும் வேற்றாளா என்று கண்ணில் நீர் முட்டியது. ஆரோக்கியராஜ் காதைச் சொறிந்துகொண்டே பைப்பை எடுத்து ஓரமாகச் சாத்தினான்.

நவம்பரில், மழை விட்டு வெயில் அடித்த ஒரு நாள், பதினொரு மணிக்குப் பள்ளிக்கூடத்திலிருந்து போன் வந்தது. பேசியது ஆயா அம்மணி. உங்க பொண்ணு கேட்டாண்ட நிக்குது, நீங்க ஒடனே வாங்க என்று சொல்லி வைத்துவிட்டாள். ஜெசிந்தா வேறு எதுவும் கேட்கவில்லை. எல்லாவற்றையும் கேட்கிறவள், கேட்கவேண்டிய நேரத்தில் கேட்காமல் போனாள். முறத்தைப் போட்டுவிட்டு ஷேர் ஆட்டோவில் தொற்றினாள். வழியெல்லாம் டி.சி., டி.சி. என்றுதான் மனது அடித்துக்கொண்டது. மூன்று வருஷ அலைச்சல், யூனிபாரம், வேன், எல்லாம் மண். பயம் முற்றிக் கோபமாகி, பள்ளிக்கூட வாசலில் இறங்கும்போது அவளே ஒரு கொதிக்கிற அண்டாவாக இருந்தாள்.

பெரிய கேட்டில் ஆள் நுழைகிற சின்னக் கதவைத் தள்ளினாள். உள்ளே, வாட்ச்மேன் கேபினுக்குப் பக்கத்தில் அமலா நின்றுகொண்டிருந்தாள். ஒரு பின்னல் அவிழ்ந்து கிடந்தது. சுற்றி யார் யார் நிற்கிறார்கள் என்பதெல்லாம் ஜெசிந்தாவின் கண்ணில் படவே இல்லை.

"எத்தினி வாட்டிடி சொல்றது ஒனக்கு? ஒரு வாட்டி சொன்னா ஒறைக்காதா? மண்ணு மாதிரி நிக்கிற பாரு."

மில் குரல். மாடியில் கடைசி வகுப்பில் பாடம் நின்றுபோனது.

அமலாவின் கண் கதவுப் பக்கம் போனது. சின்னக் கதவு ஜெசிந்தாவுக்குப் பின்னால் திறந்தே கிடந்தது, அதற்கப்பால் ரோடு. இதோ ஓடப்போகிறாள் என்று ஜெசிந்தா கையை விரித்து வழியை மறித்தாள். ஆனால் அமலா ஓடவில்லை. அம்மாவின் முகத்தைப் பார்க்காமல், நெஞ்சுக்கு நேராக, அங்கே ஏதோ எழுதியிருப்பதுபோலப் பார்த்தாள். உதடு அசைந்தது, ஒரு தடவை, இரண்டு தடவை, மூன்று, நாலு. பிறகு நிமிர்ந்தாள்.

"வண்டிய ஓரமா நிறுத்துங்கம்மா. லேன் குளோஸ்."

ஜெசிந்தாவுக்கு வாயில் அடுத்த வசவு தயாராக இருந்தது. ஆனால் இந்தப் பிள்ளை எதை முணுமுணுத்தது என்ற எண்ணம் குறுக்கே விழுந்தது. பார்வை மகளின் கழுத்திலிருந்து தொங்கிய அடையாள அட்டையில் பட்டது. பெயர் அமலா, மூன்றாம் வகுப்பு, கூட்டேரிப்பட்டு. தொலைந்துபோனால் கூப்பிட வேண்டிய நம்பர் என்று அம்மாவின் செல் நம்பர். தினமும் காலையில் அவளேதான் அந்த அட்டையை மாட்டிவிடுகிறாள், வேனுக்கு நேரமாகிவிட்டது என்று கத்திக்கொண்டே. நம்பரின் கடைசி நாலு எண், ஏழு, ஒன்று, நாலு, மூன்று.

தன் நம்பரை அவள் ஒருநாளும் பார்ப்பதில்லை. யார்தான் தனக்குத் தானே போன் செய்துகொள்கிறார்கள்? மகளோ அதை மனப்பாடமாக வைத்திருந்தாள்.

அன்றைக்குத் தட்டி மறைவில் கேட்ட வார்த்தைகள் எங்கே கேட்டவை என்று அப்போதுதான் விளங்கியது. அவை அவள் வார்த்தைகள். சீப்பும் கையுமாக அவள் தினம் சொல்கிறவை, கோபத்தில்கூட இல்லை, சும்மா, பழக்கத்தில். இத்தனை நாள் அவள் தேடிய டேங்கர் லாரி அவளேதான். தொலைத்துவிடுவேன் என்று கறுவியதும் தன்னைத்தான். ஜெசிந்தாவுக்கு உடம்பெல்லாம் கூசியது. ஐயோ என் கண்ணே, என்னைப் பார்த்தா இத்தனை சிவப்பு என்று நினைத்தாள். அழவும் வெட்கமாக இருந்தது. இரண்டு எட்டு நகர்ந்து மதிற்சுவரை ஒட்டி, ஓரமாக நின்றாள்.

நின்ற பிறகுதான் மற்றதெல்லாம் கண்ணில் பட்டது. கேபின் ஜன்னல் கம்பியிலிருந்து ஒரு சைக்கிள் ஹேண்டில்பார் வரைக்கும் சிவப்பு ரிப்பன் குறுக்கே கட்டியிருந்தது, அமலாவின் அவிழ்ந்த பின்னலிலிருந்து வந்த ரிப்பன். அதற்குப் பின்னால் ஒன்றாம் வகுப்புப் பிள்ளை ஒன்று குந்தி உட்கார்ந்து தேம்பிக்கொண்டிருந்தது. ரிப்பனுக்கு இந்தப்பக்கம் ஹெட்மிஸ்ட்ரஸ், பிரான்சிஸ் சார், அம்மணி, வாட்ச்மேன் எல்லோரும் என்ன செய்வதென்று தெரியாமல் நின்றார்கள்.

காந்திமதி டீச்சர் பக்கத்தில் வந்து நடந்ததைச் சொன்னார். டிரில் பழகும்போது சார் ஒரு அதட்டுப் போட்டிருக்கிறார். அந்தச் சின்னது, கலைப்பிரியா, மிரண்டுபோய் கேட்டை நோக்கி ஓடியிருக்கிறது. பெரியவர்கள் சுதாரிப்பதற்குள் அமலா பின்னாலேயே ஓடி, கதவுக்கு ஒரு அடி முன்னால் அதைப் பிடித்து உட்காரவைத்து, ரிப்பனைக் கட்டிவிட்டாள். அது அழுது முடிக்கும்வரை யாரும் கிட்டே வரக்கூடாதாம். ஹெட்மிஸ்ட்ரஸையே பக்கத்து லேனில் போகச் சொன்னாளாம். மீறி ஒரு அடி வைத்தால் சின்னது மறுபடி எழுந்து கதவைப் பார்க்கிறது. அதனால்தான் அம்மாவைக் கூப்பிட்டோம் என்றார். டி.சி. பற்றி ஜெசிந்தா கேட்க வாயெடுப்பதற்குள் அவரே, அதெல்லாம் ஒன்றும் வேண்டாம், ஆனால் ஸ்கூல் கேட்டை மூடுகிற பழக்கத்தை மட்டும் விடச்சொல்லுங்கள் என்றார், சிரிப்பை அடக்கிக்கொண்டு.

கலைப்பிரியாவின் தேம்பல் மெல்ல மெல்ல இடைவெளி விட்டு, நின்றது. அமலா குனிந்து ஏதோ கேட்டாள். அது தலையாட்டியது. அமலா ரிப்பனின் ஒரு முனையை அவிழ்த்துத் தூக்கிப் பிடித்தாள். சின்னது எழுந்து, பாவாடையைத் தட்டிவிட்டு, அம்மணியின் கையைப் பிடித்துக்கொண்டு வகுப்புக்குப் போனது. பிரான்சிஸ் சாரும் மற்றவர்களும் கலைந்தார்கள். ஜெசிந்தா நின்ற இடத்தைவிட்டு அசையவில்லை. அவளை இன்னும் யாரும் போகச் சொல்லவில்லையே. வெயில் நேராகத் தலையில் இறங்கியது.

அமலா ரிப்பனை மறுபடி கட்டினாள். பிறகு அம்மாவின் பக்கம் திரும்பினாள்.

"நம்பர் அடிக்கணும்" என்றாள். "ஏழு."

ஜெசிந்தா தலையை ஆட்டினாள்.

"ஒண்ணு. நாலு." அமலா கொஞ்சம் மூச்சு வாங்கிக்கொண்டாள். "மூணு."

ரிப்பன் முடிச்சை அவிழ்த்துத் தூக்கினாள். வாயாலேயே பீப் என்று ஒரு சத்தம். வீட்டுக்குப் போனால் ஒரு பச்சைப் பொட்டு வைக்கவேண்டும் என்று ஜெசிந்தா நினைத்துக்கொண்டாள். அதை வைக்கிற உரிமை தனக்கு இல்லை என்பதும் உடனே ஞாபகம் வந்தது.

"மேடம்" என்றாள். இத்தனை சின்னக் குரல் தன் தொண்டைக்குள் இருந்தது அவளுக்கே தெரியாது. "கொஞ்சம் கிட்ட வரலாமா?"

அமலா யோசித்தாள். உண்மையாகவே யோசித்தாள், ரிப்பனைப் பிடித்த கை இறங்காமல்.

"மெதுவா வாங்க" என்றாள்.

ஜெசிந்தா மெதுவாகப் போனாள்.